நாலாம் நம்பர் சிஸ்டத்தில் சூறாவளி

என் கையெழுத்து நன்றாக இருக்கும். எங்கள் செக்‌ஷனில் யாருக்கு லீவு லெட்டர் வேண்டுமானாலும், ரேஷன் கார்டில் பெயர் சேர்க்க மனு வேண்டுமானாலும் என்னைத்தான் தேடுவார்கள். போன ஐப்பசியில் சாமிதுரை தங்கள் சன்னிதியில் கொடுத்த பிராதை எழுதியதும் நான்தான். அதில் ஒரு அடித்தல் திருத்தல்கூட இருந்திருக்காது.

மணவாளநல்லூர் கொளஞ்சியப்பர் சாமி சமூகத்துக்குப் பழமலைநாதன் எழுதிக்கொள்வது. வயது முப்பத்தொன்று. விருத்தாசலம் இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டில் ஒரு சின்ன பீங்கான் கம்பெனியில் மீட்டர் பெட்டியில் ஃபியூஸ் மாட்டுகிற பீஸ் கட்டைகளைத் தட்டிப் பார்க்கிற வேலை. சூளையிலிருந்து வருவதை ஒரு குச்சியால் தட்டுவேன். கணீரென்றால் நல்லது, சத்தம் அமுங்கினால் உள்ளே விரிசல். பன்னிரண்டு வருஷமாக இதையே செய்வதால் நல்லது எது, கெட்டது எது என்று எனக்குத் தெளிவாகத் தெரியும்.

தங்களைப் பற்றித் தங்களிடமே சொல்வது அதிகப்பிரசங்கித்தனம். இருந்தாலும் தாளில் எல்லாம் முறையாக இருக்க வேண்டும். இன்னார் எனக்கு இன்ன அநியாயம் செய்தார் என்று பிராது எழுதி, மணவாளநல்லூருக்கு வந்து கொடுத்து, முனியப்பர் வேலில் கட்டிவிட்டால் தொண்ணூறு நாளுக்குள் தாங்கள் தீர்ப்பு சொல்லிவிடுவீர்கள். திட்டக்குடி, மங்கலம்பேட்டைக்காரர்கள்கூட கோர்ட்டுக்குப் போகாமல் இங்கே வருகிறார்கள். தாங்கள் போய்வர தூரத்துக்குத் தகுந்த படியும் கட்டச் சொல்கிறார்கள். அந்த ஒழுங்கு எனக்கு ரொம்பப் பிடிக்கும்.

விஷயம் ஒரு விளையாட்டில் ஆரம்பித்தது. ஜங்ஷன் ரோட்டில் அறிவழகன் என்பவர் பிரவுசிங் சென்டர் வைத்திருக்கிறார். எட்டு கம்ப்யூட்டரையும் ஒயரால் இணைத்து, எட்டுப் பேர் இரண்டு கட்சியாகப் பிரிந்து சுட்டுக்கொள்கிற விளையாட்டைப் போட்டுவைத்திருந்தார். ஷிப்டு முடிந்ததும் நாங்கள் நேரே அங்கேதான் போவோம். பலகைத் தடுப்பு, முன்னால் திரைச்சீலை. யார் எந்தத் தடுப்புக்குள் இருக்கிறார்கள் என்று வெளியே தெரியாது.

முதல் மூன்று வாரம் என் பெயர் எதுவென்றே தெரியாமல் விளையாடினேன். எல்லாருக்கும் பிளேயர், பிளேயர் ஒன்று, பிளேயர் இரண்டு என்றுதான் திரையில் வரும். பிளேயர் மூன்று நிறையப் பேரைச் சுட்டால் எனக்குச் சந்தோஷமாக இருக்கும். கடைசியில் பார்த்தால் மூன்று வேறு ஆள். தினமும் முதலில் சாகிற பிளேயர் ஐந்துதான் நான். அறிவழகன்தான் வழி காட்டினார்.

"எஸ்கேப்ப அமுக்குங்க. ஆப்ஷன்ஸ் போங்க. அதுல மல்டிபிளேயருன்னு இருக்குதா, அங்கதான் ஒங்க பேரு இருக்குது. அழிச்சிட்டு வேணுங்கிறத அடிச்சிக்கங்க."

அழித்துவிட்டு சூறாவளி என்று அடித்தேன். அன்றிலிருந்து நாலாம் நம்பர் சிஸ்டத்தில் நான்தான் சூறாவளி. யாரிடமும் சொல்லவில்லை. சொல்ல வேண்டும் என்று தோன்றவில்லை.

சாமிதுரை என் கூட்டாளி. கரைத்த களிமண்ணை அச்சில் ஊற்றுகிறவன். இரண்டாம் நம்பர் சிஸ்டத்தில் தன் சொந்தப் பெயரையே போட்டுக்கொண்டு விளையாடுவான். அவனுடைய தங்கை வேல்விழியை நான் பெண் கேட்டிருந்தேன். அப்பா இல்லாத வீடு, அவன்தான் வாக்குக் கொடுக்க வேண்டும். "பாப்பம் மாப்ள, பாப்பம் மாப்ள" என்று ஆறு மாதம் ஓட்டினான். இதனால் அவன்மேல் எனக்குக் கோபம் என்று யாரும் நினைக்கக் கூடாது. எனக்குக் கோபம் வராது.

புரட்டாசியில் ஒரு சனிக்கிழமை சாயங்காலம் சாமிதுரையும் நானும் ஒரே கட்சியில் இருந்தோம். அன்று அவனைப் பின்னால் போய்க் கத்தியால் குத்தினேன். மொத்தம் இருபத்தொரு முறை. எதிர்க்கட்சிக்காரர்களைக் குத்தலாமே என்று கேட்கலாம். அவர்கள் திரும்பிச் சுடுகிறார்கள். சாமிதுரை அப்படியில்லை. கூட வருகிறவனை நம்பி முன்னால் நடப்பான். அவனைக் குத்துவது சுலபமாக இருந்தது.

சூறாவளி சாமிதுரையைக் கொன்றான் என்று ஒவ்வொரு முறையும் எட்டுத் திரையிலும் எழுத்து ஓடியது. இருபத்தொன்றாவது முறை அவன் தடுப்பிலிருந்து விசும்பல் கேட்டது. நான் பவர்கட்டுக்குக் காத்திருந்து, இருட்டில் வெளியே வந்து, அவனுக்கு ஒரு டீ வாங்கிக் கொடுத்தேன்.

"மூஞ்சிக்கு நேரா சுட்டா சரின்னு உட்டுடுவேன் மாப்ள. கூட நின்னு முதுகுல குத்தறவன் மனுசனா? அவனச் சும்மா உடமாட்டேன். கொளஞ்சியப்பங்கிட்ட எழுதிக் கட்டிடறேன். நீதான் எழுதணும்."

மறுக்க முடியவில்லை. கையெழுத்து நன்றாக இருப்பதில் உள்ள தொந்தரவு இது. ஐப்பசி பிறந்ததும் என் வண்டியிலேயே தங்கள் சன்னிதிக்குக் கூட்டிவந்தேன். எதிராளி பெயர்: சூறாவளி. தகப்பனார் பெயர்: தெரியவில்லை. விலாசம்: அறிவழகன் பிரவுசிங் சென்டர். புகார்: மேற்படியார் என்னை ஒரே சாயங்காலத்தில் இருபத்தொரு தடவை கத்தியால் குத்திக் கொன்றுவிட்டார். வாங்கிப் படித்த குமாஸ்தா சாமிதுரையை மேலும் கீழும் பார்த்தார்.

"நீங்க நல்லாத்தான இருக்கீங்க?" என்றார்.

"ஒடம்புக்கு ஒண்ணும் இல்லீங்க. மனசுதான்" என்றான் சாமிதுரை.

திரும்பும்போது வண்டியில் அவன் சொன்னதுதான் என்னை யோசிக்க வைத்தது. "தொண்ணூறு நாளு ஆவட்டும். எவன் கைய ஒடச்சிக்கிட்டு நிக்கறானோ அவன்தான் சூறாவளி. அது தெரிஞ்ச பின்னாடிதான் வூட்ல நல்ல காரியம்." சொன்னபடியே அன்றிலிருந்து ஊரில் யார் நொண்டினாலும் நின்று விசாரித்தான். எனக்கு ஒரு வேனல்கட்டி வந்தால்கூடப் போதும், வேல்விழி கிடைக்க மாட்டாள்.

ஆகவே நிதானமாக யோசித்தேன். பிராதில் இருப்பது சூறாவளி என்கிற பெயர். தாங்கள் பெயரைப் பார்த்துத்தான் வருவீர்கள். நான் ஏழாம் நம்பர் சிஸ்டத்துக்கு மாறி, அங்கே பணிவன்பன் என்று பெயர் போட்டுக்கொண்டேன். சூறாவளியை அழித்திருக்கலாம். ஆனால் அவ்வளவு தூரம் வருகிற தெய்வத்துக்கு அந்த விலாசத்தில் ஆளே இல்லை என்றால் மரியாதையாக இருக்காது. பெயர் அந்த சிஸ்டத்திலேயே நிற்கும். யார் உட்கார்ந்தாலும் அவர்தான் சூறாவளி. அதனால் சாமிதுரை வராத நேரமாகப் பார்த்து யாரையாவது உட்கார வைக்க வேண்டியிருந்தது.

முதலில் எங்கள் சூப்பர்வைசர் மாயவன். "நாலாம் நம்பர்ல மவுஸு வழுவழுன்னு இருக்குதுங்க" என்றேன். உட்கார்ந்தார். மூன்றாம் நாள் வெள்ளைச் சட்டையோடு களிமண் குழம்புத் தொட்டிக்குள் விழுந்தார். தொட்டிமேல் போட்ட பலகையில் நான் எண்ணெய் ஊற்றவில்லை. எண்ணெய் ஏற்கெனவே கொட்டிக் கிடந்தது. நான் பார்த்தேன், துடைக்கவில்லை, அவ்வளவுதான்.

சாமிதுரை தொட்டிக்கரையில் நின்று அவரை நன்றாகப் பார்த்தான். "இவரு இல்ல மாப்ள. குளிச்சா போயிடும். இது சாமி குடுத்த தண்டன மாதிரி இல்ல" என்றான்.

அடுத்து சூளை பார்க்கும் காத்தவராயன். மீசைக்கு வாரம் ஒருமுறை விளக்கெண்ணெய் போடுகிறவர். நாலாம் நம்பரில் அரை மணி நேரம்தான் விளையாடினார். ஐந்து நாளாகியும் அவருக்கு ஒன்றும் ஆகவில்லை. தங்களுக்கு ஆயிரம் வழக்கு இருக்கும், குறை சொல்லவில்லை. ஆறாம் நாள் சூளையின் ஓட்டை வழியாகத் தீயின் நிறத்தைப் பார்க்கச் சொல்லி, தலையைப் பிடித்துக் கொஞ்சம் கிட்டே காட்டினேன். இடப்பக்க மீசை போய்விட்டது. வலப்பக்கத்தை அவரே எடுத்துக்கொண்டார். சாமிதுரை அதையும் ஏற்கவில்லை. மீசை வளர்ந்துவிடுமாம்.

மூன்றாவது அறிவழகன். கம்ப்யூட்டர் சரியாக ஓடுகிறதா என்று பார்க்கச் சொல்லி அவரையே உட்கார வைத்தேன். இம்முறை தங்களைக் காக்க வைக்கவில்லை. உடைந்த பீஸ் கட்டையில் ஒரு துணுக்கு எடுத்து அவருக்கு வாங்கிய உளுந்து வடைக்குள் வைத்தேன். முன்பல் ஒன்று கொட்டியது. பல் மறுபடி முளைக்காது, சாமிதுரை கட்டாயம் ஒப்புக்கொள்வான் என்று எதிர்பார்த்தேன். "ஐயோ பாவம், அவரு என்னா பண்ணாரு" என்று அவன் அழுதுவிட்டான். எனக்கும் வருத்தம்தான். நல்ல வடை அது.

எண்பத்தெட்டாம் நாள் வேல்விழி பிரவுசிங் சென்டருக்கு வந்தாள். ஸ்ரீபெரும்புதூர் பக்கம் ஒரு செல்போன் கம்பெனியில் அவளுக்கு வேலை கிடைத்திருந்தது. திங்கட்கிழமை சேரச் சொல்லி மெயில் வந்திருந்ததை பிரிண்ட் எடுக்க வந்தாள். ஹாஸ்டலாம், கம்பெனி பஸ்ஸாம், அறிவழகனிடம் சிரித்துச் சிரித்துச் சொல்லிக்கொண்டிருந்தாள். நான் கேட்டுக்கொண்டிருந்தேன். பிரிண்டருக்கு மை மாற்றப் பத்து நிமிடம் ஆகும் என்றார் அறிவழகன்.

"அதுவரைக்கும் ஒரு ஆட்டம் வெளையாடிப் பாரு வேலு. நாலாம் நம்பரு காலியா இருக்குது" என்றேன்.

இதை நான் திட்டமிட்டதாகச் சொல்லக் கூடாது. அந்த நேரத்தில் காலியாக இருந்தது நாலாம் நம்பர்தான். ஏழாம் நம்பரும் காலியாக இருந்தது, ஆனால் அதில் என் சட்டை கிடந்தது.

அவள் உட்கார்ந்ததும் சிரித்தாள். "என்னா பேரு இது, சூறாவளி? எந்த லூசு வெச்சது?" அப்புறம் எல்லாப் பொத்தானையும் ஒன்றாக அமுக்கினாள். அவள் எறிந்த ஒரு குண்டு எங்கேயோ உருண்டுபோய் வெடித்தது. சூறாவளி சாமிதுரையைக் கொன்றான் என்று எட்டுத் திரையிலும் எழுத்து ஓடியது.

"வந்துட்டாண்டா!" என்று இரண்டாம் நம்பரிலிருந்து சத்தம் கேட்டது. சாமிதுரை ஒவ்வொரு திரைச்சீலையாக இழுத்துக்கொண்டே வந்து நாலாவதை இழுத்தான். உள்ளே அவன் தங்கை.

"நீயா? கூடப் பொறந்தவன முதுகுல குத்தினது நீயா?"

"நான் இப்பதாண்ணே ஒக்காந்தேன். பழமலைதான் ஒக்கார சொன்னாரு. நீயே கேளு."

சாமிதுரை என்னைப் பார்த்தான். வேல்விழியும் பார்த்தாள். பதில் சொல்ல எனக்கு நிறைய நேரம் இருந்தது.  நான் தரையைப் பார்த்துக்கொண்டு, "சின்னப் பொண்ணு. திட்டாத மச்சான்" என்றேன். பொய் எதுவும் சொல்லவில்லை என்பதைத் தாங்கள் கவனிக்க வேண்டும்.

வெளியே வந்து சாமிதுரை என் கையைப் பிடித்துக்கொண்டான்.  "ரெண்டு நாளுதான் மாப்ள இருக்குது. மாயவனுக்கும் காத்தவராயனுக்கும் சும்மாவே அம்மாம் நடந்துச்சி. இவதான் ஆளுன்னா சாமி என்னா பண்ணுமோ. வேத்தூருக்குத் தனியா அனுப்ப மாட்டேன். வெத்தல பாக்கு மாத்திட்டாலே அவ வேற வூட்டு ஆளு, எம் பிராது அவ மேல செல்லாது. நீ கேட்டியே, இப்பவும் கட்டிக்குவியா? இப்பிடிப்பட்டவன்னு தெரிஞ்சும்?"

கொஞ்சம் யோசிப்பதுபோல் நின்றேன். அப்புறம், அவள் செய்ததை மன்னித்து ஏற்றுக்கொள்கிறேன் என்றேன். சாமிதுரை என் தோளில் சாய்ந்து அழுதான். என்னைப் போல ஒரு மனிதனை இந்த ஜில்லாவிலேயே பார்த்ததில்லையாம். மறுநாள் காலையில் வெற்றிலை பாக்கு மாற்றிக்கொண்டோம். வேல்விழி தேம்பித் தேம்பி அழுதாள். பெண்கள் இந்த மாதிரி நேரத்தில் அழுவார்கள். பிரிண்ட் எடுத்த அந்தக் கடிதத்தை அவள் கையிலிருந்து நான்தான் வாங்கி, கசங்காமல் என் பெட்டியில் வைத்திருக்கிறேன்.

நேற்றோடு தொண்ணூறு நாள் முடிந்தது. கெடு தாண்டிய வழக்கில் உண்மையைச் சொல்வதால் யாருக்கும் நஷ்டம் இல்லை என்பதால் சொல்கிறேன். பிராதை வாபஸ் வாங்க சாமிதுரை நாளை வருகிறான். அதையும் நான்தான் எழுதித் தருகிறேன். இந்தத் தாளை அதற்குள் மடித்து வைத்துவிடுவேன்.

ஒன்றைச் சொல்லி முடிக்கிறேன். சூறாவளி என்ற பெயரில் உட்கார்ந்த ஒவ்வொருவருக்கும் ஒரு கெடுதல் நடந்தது. சட்டை போனது, மீசை போனது, பல் போனது. வேல்விழிக்கு மட்டும் தாங்கள் ஒரு தண்டனையும் கொடுக்கவில்லை. மாசி மூன்றாம் தேதி அவளுக்கும் எனக்கும் கல்யாணம்.