ஆளுநர் மாட்டிய பதக்கம்

இந்த மாளிகையில் தேநீர் எப்போதும் ஆறித்தான் வரும், இன்ஸ்பெக்டர். சமையற்கட்டு அவ்வளவு தூரம். பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஆஸ்திரேலியாவில் ஒரு மாநிலத்தின் ஆளுநர் என்றால் பெரிய அதிகாரம் என்று நினைப்பார்கள். ரிப்பன் வெட்டுவேன், பள்ளிப் பிள்ளைகளோடு படம் எடுத்துக்கொள்வேன், முதல்வர் காட்டிய இடத்தில் கையெழுத்துப் போடுவேன். அதற்கு முன் நான் இதய ஆராய்ச்சியாளர். நெஞ்சுக்குள் வைத்துத் தைப்பார்களே, இதயம் தாறுமாறாகத் துடித்தால் மின்னதிர்ச்சி கொடுத்துக் காப்பாற்றும் கருவி, அது ஆபத்தான துடிப்பை அடையாளம் காணும் முறையைக் கண்டுபிடித்தவள் நான்.

என் பேராசிரியர் ராஸ் பெட்டிகுரூ, நான் முடிவுகளை இட்டுக்கட்டினேன் என்று சொல்லி வெளியேற்றினார். ஊருக்குச் சொல்லமாட்டேன் என்று பெருந்தன்மை வேறு. மற்ற ஆய்வகங்களின் காதில் மட்டும் போட்டுவைத்தார். பிறகு அதே முடிவுகளைத் தன் பெயரில் வெளியிட்டார். எனக்கு எங்கும் வேலை கிடைக்கவில்லை. அறக்கட்டளை, மருத்துவமனைக் குழு என்று நாற்காலி நாற்காலியாக நகர்ந்து இங்கே வந்து உட்கார்ந்தேன்.

நான் எதிர்பார்த்தது ஒன்றே ஒன்றுதான். "அது ஐலீன் செய்த வேலை" என்று அவர் வாயால் வர வேண்டும். வந்திருந்தால் விட்டிருப்பேன்.

இந்த ஆண்டு இந்த மாளிகையில் நான் வழங்கும் விருதுகளில் ஒன்று அவருக்கு. தன் நெஞ்சிலும் அந்தக் கருவி இருப்பதாக ஒரு பேட்டியில் பெருமையடித்திருந்தார். ஊசி குத்திக் கோட்டு ஓட்டையாகிறது என்று பலர் புலம்பியதால் நாங்கள் பதக்கத்தைக் காந்தத்தால் மாட்டுகிறோம். கருவி உள்ளவர்களுக்கு மட்டும் ஊசி. மேலே காந்தம் இருக்கும்வரை கருவி மின்னதிர்ச்சி கொடுக்காது. விழாவைக் கவனிக்கும் ஜூடி வந்து கேட்டாள்.

"மேடம், பெட்டிகுரூவுக்கு ஊசியா, காந்தமா? போன் பண்ணிக் கேக்கட்டுமா?"

"வேணாம் ஜூடி. என் பழைய பாஸ் அவர். நானே கேட்டுக்கறேன்."

காந்தம்தான் என்று மறுநாள் சொன்னேன். பலமானதாக நானே வாங்கி வைத்தேன். மேடையில் வழக்கத்தைவிட இரண்டு விரல் மேலே, கருவிக்கு நேராக மாட்டினேன்.

விருது பெற்றவர்களில் மூத்தவர் தோட்டத்தில் ஒரு மரக்கன்று நடுவது இங்கே வழக்கம். தோட்டக்காரர் குழியை முன்பே வெட்டி வைத்திருப்பார். அன்று குழி வெட்ட வேண்டாம் என்று சொல்லியிருந்தேன்.

"என்ன ராஸ், மண்வெட்டி பிடிக்கத் தெம்பில்லையா?"

"உன்னை மேடம்னு வேற கூப்பிடணுமாமே! நகரு, தோண்டிக் காட்டறேன்."

உற்சாகமாக இருந்தார். மண் இறுகியிருந்தது. மூச்சு வாங்கத் தோண்டினார், விழுந்தார். என் உதவியாளர் டாக்டரை அழைக்க ஓடினார். நான் மண்டியிட்டு, பதக்கத்தின் மேல் கையை வைத்து அழுத்திக்கொண்டேன். பார்ப்பவர்களுக்கு ஆறுதல் சொல்வதாகத்தான் தெரியும். அவர் உயிர் அடங்கும்வரை கருவி சும்மா இருந்தது. என் கருவி என் பேச்சைக் கேட்டது. எனக்கு அது இனித்தது, மறைப்பதற்கு என்ன இருக்கிறது.

அவர் எப்போதாவது மன்னிப்புக் கேட்டாரா என்றீர்கள். கேட்டார். அன்றைக்கு, விழாவுக்குச் சற்று முன், என் அறையில், அழுதுகொண்டே.

"ஐலீன், அது உன் வேலைதான். உன்மேல கதை கட்டினது நான். இன்னிக்கு விருந்துல எல்லார் முன்னாடியும் சொல்லிடப்போறேன்."

"சரி ராஸ், சொல்லுங்க," என்றேன். பிறகு மேடைக்குப் போய்ப் பதக்கத்தை மாட்டினேன்.

உண்மையை ஒப்புக்கொள்ளாத ஒரு மனிதரைத்தான் நான் தண்டித்தேன், இன்ஸ்பெக்டர். அதை அப்படியே எழுதிக்கொள்ளுங்கள்.