‘என்கிட்ட’ என்று சொன்னவன்

இந்த உலகத்தில் எதனாலும் பாதிக்கப்படாத மனிதன் ஒருவன் உண்டென்றால் அது நான்தான். பெருமைக்காகச் சொல்லவில்லை, டாக்டர். ரத்த வகையைக் கேட்டால் சொல்வோமே, அந்த மாதிரி. சின்ன வயதில் என்னை நாய் கடித்தபோது நாயைத்தான் டாக்டரிடம் கூட்டிப்போக வேண்டும் என்று தெருவில் பேசிக்கொண்டார்கள். அப்பா இறந்த அடுத்த வாரமே கல்லூரிகளுக்கிடையிலான நகைச்சுவைப் பேச்சுப் போட்டியில் முதல் பரிசு வாங்கினேன். நடுவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார்கள். அதனால், நான் உட்கார்ந்ததும் “நீ எப்படிப்பா இருக்கே?” என்று நீங்கள் ஆரம்பித்தது வீண் வேலை. நான் அண்ணன் விஷயமாக வந்திருக்கிறேன். அந்தச் சனிக்கிழமையைப் பற்றி அம்மா உங்களிடம் சொன்னது தப்பு, அண்ணன் சொன்னது பொய். திருத்திவிட்டுப் போய்விடுவேன்.

அண்ணனின் வேலை உங்களுக்குத் தெரியும். லிஃப்ட் பழுது பார்ப்பது. அதற்கு இரண்டு பேர் வேண்டும். ஒருவர் லிஃப்ட் பெட்டியின் கூரைமேல் ஏறி நின்று வேலை செய்வார். இன்னொருவர் மொட்டை மாடியிலுள்ள இயந்திர அறையில் மெயின் சுவிட்சை அணைத்துவிட்டு அதன் பக்கத்திலேயே நிற்பார். கூரைமேல் நிற்கிறவர் “உன்கிட்ட” என்று கத்துவார். சுவிட்சருகே நிற்கிறவர் “என்கிட்ட” என்று பதில் சொல்ல வேண்டும். என் உயிர் உன்னிடம், உன் உயிர் என்னிடம் என்றெல்லாம் நீட்டி முழக்கினால் வேலை நடக்காது என்று சுருக்கிவிட்டார்கள் போலிருக்கிறது.

அன்றைக்குக் கூரைமேல் நின்றவரை நாங்கள் நெட்டை என்றுதான் கூப்பிடுவோம். வீட்டுக்கு வந்தால் நிலைப்படியில் தலையை இடித்துக்கொண்டு, “உங்க வீட்டை யாரு உட்கார்ந்துகிட்டே கட்டினது?” என்பார். அவர் “உன்கிட்ட” என்றார். அண்ணன் “என்கிட்ட” என்றான். வெயில் அதிகம். அண்ணன் ஒரு மடக்குத் தண்ணீர் குடிக்கப் படிக்கட்டுப் பக்கம் போனான். அந்த நேரத்தில் லிஃப்ட் ஓடவில்லை என்று யாரோ ஒரு குடித்தனக்காரர் சத்தம் போட்டதால் கட்டிடத்துக் காவலாளி மேலே வந்து சுவிட்சைப் போட்டுவிட்டார். நெட்டை பிழைக்கவில்லை. விசாரணையில் கட்டிட நிர்வாகத்தின் மேல்தான் தப்பு என்றார்கள். அண்ணன்மேல் ஒரு குற்றமும் இல்லை என்று எழுதிக் கொடுத்தார்கள். அண்ணன் அதை வாங்கிப் படித்துவிட்டு, அன்றிலிருந்து தண்ணீர் குடிப்பதைக் குறைத்துக்கொண்டான்.

பிறகு நடந்ததெல்லாம் உங்களுக்கே தெரியும். சுவிட்சு தட்டும் சத்தம் கேட்டால் உடம்பு தூக்கிப் போடும். தூக்கத்தில் நெட்டையின் பெயரைச் சொல்லிக் கத்துவான். “நான் இல்லாட்டி எல்லாருக்கும் நல்லது” என்று, சோற்றில் உப்பில்லை என்பது போலச் சொல்வான். அவனைத் தனியே விடக்கூடாது என்று நீங்கள் சொன்னதும் அம்மா வீட்டை ஆஸ்பத்திரியாக்கிவிட்டாள். அப்போதுதான் அண்ணனே ஒரு யோசனை சொன்னான். அந்த நாட்களில் அவன் சிரித்தது அந்த ஒரு தடவைதான்.

“வேலையில செய்யற மாதிரியே செய்யுங்க. நீ இருக்கேன்னு அவன் போயிடுவான், அவன் இருக்கான்னு நீ போயிடுவே. வாயால சொல்லி வாங்கிக்கணும். உன்கிட்ட, என்கிட்ட. பதில் வராம யாரும் செருப்பு போடக்கூடாது.”

அன்று முதல் எங்கள் வாசலில் அண்ணன் கைமாறிக்கொண்டே இருந்தான். அம்மா கடைக்குப் போனால் “உன்கிட்டடா”. நான் “என்கிட்ட”. நான் கல்லூரிக்குக் கிளம்பினால் “உன்கிட்டம்மா”. அவள் “என்கிட்ட, என்கிட்ட” என்று இரண்டு தடவை சொல்வாள். என்னை ஒப்படைக்கிற வழக்கம் எங்கள் வீட்டில் கிடையாது. நான் பாட்டுக்குப் போவேன், நான் பாட்டுக்கு வருவேன்.

இங்கே என் கருத்தைச் சொல்லிவிடுகிறேன். அண்ணனுக்கு வந்தது நோய் இல்லை, பதவி. வீட்டில் அந்தப் பதவிக்கு இருப்பதோ ஒரே நாற்காலி. அப்பா போனதும் அது காலியாயிற்று. கொஞ்ச நாள் பொறுத்தால் எனக்கு வந்திருக்கும். அண்ணன் உட்கார்ந்துவிட்டான்.

நான் பொறாமைக்காரன் இல்லை. கவனிக்கிறவன். மீன் துண்டில் முள் எடுத்து அவன் தட்டில் வைத்ததைக் கவனித்தேன். இருபத்தொன்பது வயதுத் தடியனுக்கு முள். தொலைக்காட்சி ஊமையானது. என் நண்பர்கள் வாசலோடு நிறுத்தப்பட்டார்கள். இந்த வருடப் போட்டியிலும் முதல் பரிசு வாங்கி, முழங்கால் உயரக் கோப்பையோடு வீட்டுக்கு வந்தேன்.

“அம்மா, இங்க பாரு.”

“ஷ்ஷ். இப்பதான் கண்ணசந்தான். அதை ஃப்ரிட்ஜு மேல வை.”

மறுநாள் கோப்பையில் அண்ணனுக்கு வாங்கிய ஆரஞ்சுப் பழங்கள் இருந்தன. பழம் வைக்க வாகான பாத்திரம் என்று அம்மா சந்தோஷப்பட்டாள். அம்மா என் பரிசைப் பற்றிச் சொன்ன ஒரே நல்ல வார்த்தை அதுதான்.

அந்த மாதம் கல்லூரி விழாவில் ‘அண்ணன் தூங்குகிறார்’ என்ற தலைப்பில் பேசினேன். சுவிட்சுச் சத்தத்துக்கு அவன் துள்ளுவதை நடித்துக் காட்டினேன். அம்மா பூனை மாதிரி நடப்பதையும் காட்டினேன். அரங்கமே குலுங்கிற்று. முடிந்ததும் மூன்றாம் வருடத்துப் பெண் ஒருத்தி, நான் ஒரு வருடமாகப் பேச நினைத்துக்கொண்டிருந்தவள், தானாகவே தேடி வந்தாள்.

“ரொம்ப நல்லா பண்ணீங்க,” என்றாள். “உங்க அண்ணன் இப்ப எப்படி இருக்காரு?”

நன்றாக இருக்கிறார், பதவியில் இருக்கிறார் என்றேன். அவள் சிரிக்கவில்லை.

இனி சனிக்கிழமை. அம்மாவுக்குக் கண்ணாடி மாற்ற வேண்டியிருந்தது. பல மாதமாகத் தள்ளிப்போட்டு, ஊசியில் நூல் கோக்க முடியாமல், அன்றுதான் கிளம்பினாள். வாசலில் நின்று பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, “உன்கிட்டடா” என்றாள். “என்கிட்ட” என்றேன். இரண்டு அடி போய்த் திரும்பிப் பார்த்தாள். “என்கிட்டம்மா, போ” என்றேன். போனாள்.

அண்ணன் அன்றைக்குச் சவரம் செய்து குளித்திருந்தான். முகம் தெளிவாக இருந்தது. அப்படி ஒரு முகத்தை நெட்டை போனதிலிருந்து நான் பார்த்ததில்லை. என்னை அறைக்குள் கூப்பிட்டான்.

“கையை நீட்டு.”

“எதுக்கு?”

“நீட்டுடான்னா.”

தன் கைக்கடிகாரத்தைக் கழற்றி என் மணிக்கட்டில் கட்டினான். அது அப்பாவுடையது. அப்பா போனதும் அம்மா அவனுக்குக் கொடுத்தது. நான் பத்தாம் வகுப்பிலிருந்து அதன்மேல் கண் வைத்திருந்தேன்.

“இன்னொரு ஓட்டை போடணும். உன் கை குச்சி மாதிரி இருக்கு.”

“உனக்கு வேணாமா?”

“நீ வச்சுக்க. அம்மாகிட்ட எரிஞ்சு விழாத. அவளுக்கு நீ ஜோக்கடிச்சா பிடிக்கும். என்னாலதான் சிரிக்காம இருக்கா.”

பிறகு கட்டிலில் உட்கார்ந்து கையை மடியில் வைத்துக்கொண்டான். நான் கேட்டைத் திறந்து வெளியே போனேன்.

எங்கே போனேன் என்றால், முடி வெட்டிக்கொள்ள. தெருமுனைச் சலூன்தான். கடிகாரத்தைப் போர்வைக்கு வெளியே தெரியும்படி நாற்காலிக் கைப்பிடியில் வைத்துக்கொண்டேன். சலூன்காரர் வலது பக்கத்தை வெட்டி முடிக்கும்வரை கடிகாரத்தைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. தலையை வலது பக்கம் சாய்த்துவிட்டுக் கேட்டார்.

“அண்ணன் எப்படியிருக்கார் தம்பி?”

“இருக்கார்.”

“யாரு கூட இருக்கா?”

“எல்லாரும் எப்பவும் அவன் கூடத்தாண்ணே இருக்காங்க.”

“இருக்கணும் தம்பி. என் மச்சானை ஒரு மதியம் விட்டுட்டோம்.”

அவர் மேற்கொண்டு சொல்வதற்குள் என் கைபேசி அடித்தது. மாடி வீட்டு மாமா. தண்ணீர் மோட்டார் ஓடிக்கொண்டே இருக்கிறதே என்று எங்களோடு சண்டை போடக் கீழே இறங்கி வந்திருக்கிறார். கூப்பிட்டுப் பார்த்துப் பதில் வராமல், ஜன்னல் வழியாகப் பார்த்துவிட்டு, அறுபத்தெட்டு வயதில் கதவை உடைத்திருக்கிறார். சண்டைக்கு வந்த மனிதரால்தான் அண்ணன் இன்றைக்கு உங்கள் வார்டில் கஞ்சி பிடிக்கவில்லை என்று முகம் சுளித்துக்கொண்டிருக்கிறான். அந்தப் புண்ணியம் முழுக்க அவருடையது. நான் பங்கு கேட்கவில்லை.

என் தலையின் இடது பக்கம் அப்படியே இருக்கிறது. நீங்கள் பார்த்தும் கேட்காமல் இருக்கிறீர்கள், நாகரிகம். இந்த மூன்று வாரமாக நேரம் கிடைக்கவில்லை.

ஆஸ்பத்திரி வராந்தாவில் அம்மா பழைய கண்ணாடியோடு உட்கார்ந்து, “கண்ணாடி ஒரு கேடு, கண்ணாடி ஒரு கேடு” என்று தலையில் அடித்துக்கொண்டாள். தான் விட்டுவிட்டுப் போனதால்தான் என்றாள். உறவுக்காரர்கள் அவள் கையைப் பிடித்துக்கொண்டார்கள். நீங்களும் அவள் பக்கத்தில் உட்கார்ந்து, “உங்க தப்பு இல்லம்மா” என்று முதுகைத் தடவினீர்கள். நான் எதிர் பெஞ்சில் இருந்தேன். சின்னப் பையன், பயந்துவிட்டான் என்று யாரோ எனக்கு ஒரு டீ வாங்கிக் கொடுத்தார்கள்.

அண்ணன் கண் விழித்ததும் முதல் காரியமாக எல்லோரிடமும் சொன்னான், “நான்தான் அவனைக் கடைக்கு அனுப்பினேன்.” நீங்களும் அதைத்தான் எழுதிக்கொண்டீர்கள். நான் திருத்தவில்லை. மற்றவர்கள் வெளியே போனதும் என்னை அருகில் கூப்பிட்டான். தொண்டை சரியில்லாததால் குனிய வேண்டியிருந்தது.

“நீ கேட்டைத் திறந்த சத்தம் கேட்டுச்சுடா.”

நான் அவன் போர்வையை இழுத்துவிட்டேன்.

“யார்கிட்டயும் சொல்லாத. நான் அனுப்பினேன்னே இருக்கட்டும். ‘என்கிட்ட’ன்னு சொல்லிட்டு நகர்ந்தா பின்னாடி எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியும். அதைத் தூக்கிட்டுத் திரிய உன்னால முடியாது. உன் கை குச்சி.”

பார்த்தீர்களா, டாக்டர். முள்ளெடுத்த மீன் அவனுக்கு, ஆரஞ்சு அவனுக்கு, மூன்றாம் வருடத்துப் பெண் அவனை விசாரிக்கிறாள். நான் செய்தது என்று இந்த வீட்டில் ஒரே ஒரு காரியம் இருக்கிறது. அதன் பழியில் பாதியை அம்மா எடுத்துக்கொண்டு ஆறுதல் வாங்குகிறாள். மீதியை அண்ணன் எடுத்துக்கொண்டு நல்லவனாகிறான். எனக்கு ஒரு டீ. அதனால்தான் வந்தேன். என்னுடையதை என் பெயரில் எழுதிக்கொள்ளுங்கள்.

சரியாக எழுதிக்கொள்ளுங்கள். அவன் நடிக்கிறானா என்று சோதித்துப் பார்க்கப் போனேன் என்று முதலில் உங்களிடம் சொல்வதாக இருந்தேன். வரும் வழியெல்லாம் அதைத்தான் ஒத்திகை பார்த்தேன். அது உண்மையில்லை. அவன் ஒரு நாளும் நடித்ததில்லை. நடிப்பு எனக்குத் தெரியும். போன மாதம் எங்களை உட்கார வைத்து நீங்கள் சொன்னீர்கள். பிடித்த பொருளைத் தூக்கிக் கொடுத்தால், திடீரென்று முகம் தெளிந்தால், என்னால்தான் எல்லாருக்கும் கஷ்டம் என்றால், பக்கத்தைவிட்டு நகராதீர்கள், நேராகக் கேளுங்கள், எனக்குப் போன் செய்யுங்கள் என்றீர்கள். வீட்டுக்குப் போனதும் அதை உங்கள் குரலிலேயே அம்மாவுக்குப் பேசிக் காட்டினேன், மூக்குக்கண்ணாடியைத் தள்ளிவிடுவது உட்பட. ஒரு வரி விடாமல் மனப்பாடம். அவன் கடிகாரத்தைக் கட்டிவிட்டபோது அந்த வரிகள் ஒவ்வொன்றாக எனக்குள் ஓடின. அவன் என்ன செய்யப் போகிறான் என்று தெரிந்தேதான் எழுந்தேன். எங்கள் வாசல் கேட்டின் தாழ்ப்பாளைச் சத்தமில்லாமல் தூக்க எனக்குத் தெரியும், பல மாதப் பழக்கம். அன்றைக்குச் சத்தம் வரும்படி தூக்கினேன். யாரும் இல்லை என்று அவனுக்குத் தெரிய வேண்டுமே.

அவ்வளவுதான். அம்மாவிடம் நீங்களே சொல்லிவிடுங்கள். அண்ணனிடம் நான் சொன்னதாகச் சொல்ல வேண்டாம், மறுபடி ஏதாவது பொய் சொல்லி என்னைக் காப்பாற்றுவான்.

இல்லை, தூக்கம் இல்லாதது இதனால் இல்லை. அது பரீட்சை. சாப்பாடு இறங்காதது வெயில். வீட்டுக் கேட்டைத் தொட முடியவில்லை என்பதால் சுவரேறிக் குதிக்கிறேன், அது ஒரு உடற்பயிற்சி. இப்போது நீங்கள் பேனாவைக் கீழே வைத்துவிட்டு, உயிரோடு இருக்க வேண்டாம் என்று எனக்குத் தோன்றுகிறதா என்று நேராகக் கேட்கிறீர்கள். நன்றாகக் கேட்கிறீர்கள், குரல் நடுங்கவே இல்லை. அண்ணனிடமும் இப்படித்தான் கேட்டிருப்பீர்கள்.

எனக்கு அப்படியெல்லாம் ஒன்றுமில்லை, டாக்டர். சில நேரம் வருகிறது, போகிறது. நேற்று கடிகாரத்தை என் சிநேகிதனிடம் கொடுத்துவிட்டேன். வெளியே அடுத்தவர்கள் காத்திருக்கிறார்கள், தெரியும். நீங்கள் மட்டும் கொஞ்ச நேரம் எழுந்து போகாமல் இருந்தால் போதும்.