ராஜி ஆகாத சாராயக் கேஸ்

உங்கள் ஸ்டேஷன் டீயைவிடக் கோர்ட்டு வாசல் டீ நன்றாக இருக்கும், சார். குறை சொல்லவில்லை, நாக்குக்கு அது பழகிவிட்டது. நான் தமிழில் சொல்கிறேன், நீங்கள் கன்னடத்தில் எழுதிக்கொள்ளுங்கள்.

என் பெயர் வெங்கடசாமி. ஜீவனஹள்ளியில் ஒற்றை அறை. ஒரு சாராயக் காண்டிராக்டரின் குடோனில் வாட்ச்மேன். சர்க்கார் சாராயக் கடைகளை ஏலம் விடும்போது பெரிய மனிதர்கள் தங்கள் பெயரில் எடுப்பதில்லை. எங்களைப் போன்றவர்களுக்கு வெள்ளைச் சட்டை மாட்டி முன்வரிசையில் உட்காரவைப்பார்கள். கடை அவருடையது, பெயர் நம்முடையது. என் பெயர் யாருக்காவது உபயோகப்பட்டது அந்த ஒரு காரியத்துக்குத்தான்.

ஒரு வருஷம் ஏலத்தில் என் முதலாளி, "நான் மூக்கைத் தொட்டா நீ கையத் தூக்கு" என்றார். அவருக்கு அன்றைக்கு நல்ல ஜலதோஷம். நான் விசுவாசமாகத் தூக்கிக்கொண்டே இருந்தேன். எதிர் முதலாளியின் ஆள், லிங்கராஜபுரம் சின்னப்பாவும் விடாமல் தூக்கினார். அதிகாரி மேஜையைத் தட்டியபோது இரண்டு கையும் மேலே இருந்தன. ஏலத்தொகை எகிறிவிட்டதால் இரண்டு முதலாளிகளுக்கும் கடை வேண்டாம். உன் ஆள்தான் எடுத்தான், உன் ஆள்தான் எடுத்தான் என்று கேஸ் போட்டுக்கொண்டார்கள். அந்தக் கடை இருந்த இடத்தில் எஸ்டிடி பூத்தே வந்துவிட்டது. கேஸ் மட்டும் நடந்தது.

வாய்தாவுக்கு நாங்கள் இருவரும்தான் போவோம். எதிரெதிர்க் கட்சி, ஒரே பெஞ்சு. சின்னப்பா என்னைப் பார்த்ததும், "இன்னா சாமி, உங்க மொதலாளி மூக்கு எப்படிக்கீது?" என்பார். ஒவ்வொரு தடவையும் அதே கேள்வி, ஒவ்வொரு தடவையும் சிரிப்பேன். டிபன் பாக்ஸைத் திறந்து எலுமிச்சை சாதத்தில் பாதியை மூடியில் தள்ளுவார். பிறகு டவாலி வந்து என் பெயரைக் கூவுவான். என் மனைவி போன பிறகு அவ்வளவு சத்தமாக என்னைக் கூப்பிட்ட ஆள் அவன் ஒருவன்தான், சார். மற்ற நாட்களில் குடோன் நாய்தான் எனக்குப் பேச்சுத்துணை. அதுவும் பிஸ்கட் தீர்ந்தால் எழுந்து போய்விடும்.

போன வருஷம் முதலாளிகள் சம்பந்தி ஆனார்கள். கேஸை ராஜி பண்ணச் சொல்லிவிட்டார்கள். நாங்கள் இருவரும் ஜட்ஜ் முன்னால் ஒரு கையெழுத்துப் போட்டால் தீர்ந்தது. சின்னப்பாவுக்கு ஒரே சந்தோஷம். "தங்கவயல்ல எம் மக அன்னம்மா கூப்டுகினே கீறா. கையெழுத்தப் போட்டுட்டு அங்கியே போயிடறேன் சாமி" என்றார். நல்லது என்றேன். அப்படிச் சொன்னதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

அவருக்கு நெஞ்சுவலி உண்டு. நாக்குக்கு அடியில் வைக்கிற மாத்திரையை, மூடியில் மாதா படம் போட்ட ஜெபமாலை டப்பியில் வைத்திருப்பார். மாடிப்படி ஏறும்போது மூச்சு வாங்கும் என்பதால் பையை என்னிடம் கொடுத்துவிடுவார். அதுவும் எங்கள் வழக்கம்தான். ராஜி நாளன்று பையைக் கொடுத்தார். நான் டப்பியை எடுத்து என் சட்டைப்பையில் போட்டுக்கொண்டேன். பிறகு, நேரமாகிவிட்டது, ஜட்ஜ் உட்கார்ந்துவிடுவார், கொஞ்சம் வேகமாக ஏறுங்கள் என்றேன்.

படி திரும்புகிற இடத்தில் உட்கார்ந்துவிட்டார். "பையில பாரு சாமி" என்றார். பார்த்தேன். ஒழுங்காகவே பார்த்தேன், டிபன் பாக்ஸைக்கூட வெளியே எடுத்து வைத்தேன். இல்லை என்றேன். அவர் என்னைச் சந்தேகப்படவில்லை. "ஊட்லயே வுட்டுட்டேன் போல. நீ பயப்படாத" என்று என் கையைத் தட்டிக்கொடுத்தார். அந்தக் கை சில்லென்று இருந்தது.

கையெழுத்து ஒரு நாள் தள்ளிப்போனால் போதும் என்றுதான் நினைத்தேன் என்று முதலில் உங்களிடம் சொன்னேன். அது சரியில்லை. கட்சிக்காரர் இறந்தால் வாரிசைக் கேஸில் சேர்ப்பார்கள், அதற்கே வருஷக்கணக்கில் ஆகும் என்று அந்த பெஞ்சில் உட்கார்ந்தே கற்றுக்கொண்டிருந்தேன். தெரிந்துதான் செய்தேன்.

வாரிசைச் சேர்க்கும் வாய்தாவுக்கு அன்னம்மாள் வந்தாள். அப்பா உட்கார்ந்த அதே பக்கம் உட்கார்ந்தாள். "அப்பா ஒங்களப் பத்தி ரொம்ப சொல்வாரு. சாப்டீங்களா சித்தப்பா?" என்றாள். எலுமிச்சை சாதத்தில் அவள் கை இன்னும் நல்ல கை, சார். அதற்குமுன் என்னை யாரும் சித்தப்பா என்று கூப்பிட்டதில்லை.

டப்பியைத் தூக்கிப் போட்டிருக்கலாம். மனசு வரவில்லை. நடந்தால் சட்டைப்பையில் கடகடவென்று சத்தம் போடும். கூட யாரோ வருகிற மாதிரி இருக்கும். போன வாய்தாவில் டீக்குச் சில்லறை எடுத்தபோது அது அவள் காலடியில் விழுந்தது. எடுத்தாள், திருப்பிப் பார்த்தாள். டிபன் பாக்ஸை மூடிக்கொண்டு நேராக உங்களிடம் வந்திருக்கிறாள்.

எல்லாவற்றையும் எழுதிவிட்டீர்களா? எழுதுங்கள். ஆனால் போலீஸிடம் சொன்னது கோர்ட்டில் செல்லாது என்று எனக்குத் தெரியும். ஜட்ஜ் கேட்டால் நான் செய்யவில்லை என்றுதான் சொல்வேன். தண்டனைக்குப் பயந்து இல்லை, சார். ஒப்புக்கொண்டால் ஒரே நாளில் முடிந்துவிடும். இல்லையென்றால் சாட்சி விசாரணை, குறுக்கு விசாரணை என்று வருஷக்கணக்கில் போகும், ஒவ்வொரு வாய்தாவுக்கும் அன்னம்மாள் வருவாள். தாயில்லாப் பிள்ளை, அப்பாவும் போய்விட்டார். கோர்ட்டில் அவளுக்கு என்னை விட்டால் தெரிந்தவர்கள் யார் இருக்கிறார்கள்?