மூன்றாவது மாடி நோயாளி

ஆம்புலன்ஸின் பின்கதவு சரியாகச் சாத்தப்படாமல் அடித்துக்கொண்டே வந்தது. உடைந்தால் வங்கி என் தலையில்தான் கட்டும். இரண்டாவது திருப்பத்தில் நிறுத்தி, இறங்கி, சாத்திவிட்டு மறுபடி விரட்டினேன். நான் எப்போதுமே பொருளைப் பத்திரமாகக் கையாள்கிறவன், வக்கீலம்மா.

டாஷ்போர்டில் டிரைவர் விட்டுப்போன போன் அலறிக்கொண்டிருந்தது. திரையில் 'பாப்பா' என்று பெயர். வங்கி வண்டிகளை நிறுத்தும் யார்டு போய்ச் சேர்வதற்குள் பதினொரு முறை. பொருள் பட்டியலில் அதையும் எழுதினேன்: கைபேசி ஒன்று, நல்ல நிலையில்.

தவணை நின்றுபோன வண்டிகளை வங்கிக்காகத் தூக்கிவருவது என் தொழில். எனக்கென்று ஒரு விதி உண்டு. வண்டியில் ஆள் இருக்கக் கூடாது, கைகலப்பு ஆகாது. லாரிக்காரர்கள் டீ குடிக்க இறங்கினாலும் சாவியை இடுப்பில் செருகிக்கொள்வார்கள். சாவியை அப்படியே விட்டுவிட்டு ஓடுகிறவர்கள் ஆம்புலன்ஸ்காரர்கள் மட்டும்தான். உங்கள் கட்சிக்காரரும் அப்படித்தான் ஓடினார். நர்ஸோடு ஸ்ட்ரெச்சரைத் தூக்கிக்கொண்டு, லிஃப்ட் இல்லாத கட்டடத்தின் மூன்றாவது மாடிக்கு.

கூண்டில் என்னைக் கேட்டீர்கள். வண்டியில் யாராவது இருந்தார்களா? இல்லை. மிரட்டினீர்களா? இல்லை. இரண்டும் உண்மை. இன்று தீர்ப்பு வங்கி பக்கம்.

அன்று அவர் மகளுக்குப் பிரசவ வலி. நர்ஸின் போனில் வேறு ஆம்புலன்ஸைக் கூப்பிட்டிருக்கிறார். அது போய்ச் சேர்வதற்குள் எல்லாம் கைமீறிவிட்டது. குழந்தை பிழைத்தது. மகள் பிழைக்கவில்லை.

தீர்ப்புக்குப் பிறகு வராண்டாவில் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். அடிப்பார் என்று நினைத்தேன்.

"உங்க மேல கோவம் இல்லண்ணே. உங்க பொழப்பு அது. ஒண்ணே ஒண்ணு கேக்கணும். மூணாவது மாடில ஒரு கதவும் தொறக்கல. அவசரத்துல நான்தான் வேற கட்டடத்துக்குப் போயிட்டேன் போல. அந்த அம்மாவுக்கு மூச்சு நிக்கப் போகுதுன்னு அவங்க பையன் போன்ல அப்படி அழுதாரு. நீங்க கீழதானே நின்னீங்க. யாராவது எங்களத் தேடி வந்தாங்களா?"

"கவனிக்கலப்பா."

"எம் பொண்ண விட்டுட்டு ஓடினேண்ணே. அந்த அம்மாவாவது இருக்கணும்."

துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு எழுந்து போனார். நான் நேராக உங்கள் ஆபீசுக்கு வந்துவிட்டேன்.

அந்த அம்மாவின் மகனைச் சாட்சிக்குக் கூப்பிட, அன்று அழைப்பு வந்த எண்ணை நீங்களும் விடாமல் அடித்துப் பார்த்தீர்களாம். இனி அடிக்க வேண்டாம். அந்த சிம்மை அன்றைக்கே உடைத்துவிட்டேன். மூன்றாவது மாடியில் யாரும் குடியில்லை. அதற்காகத்தான் அந்தக் கட்டடத்தைத் தேர்ந்தெடுத்தேன்.

அன்று போனில் உங்கள் கட்சிக்காரர் என்னிடம் ஒன்று கேட்டார். "சார், எம் பொண்ணுக்கு வலி எடுத்திருச்சு. அவள ஆஸ்பத்திரில விட்டுட்டு வர்ற வரைக்கும் உங்கம்மா தாங்குவாங்களா?"

தாங்க மாட்டாங்க என்றேன்.

ஆனால் நான் அழுதது நடிப்பில்லை, வக்கீலம்மா. ஒன்பது வருஷத்துக்கு முன்னால் என் அம்மா அப்படித்தான் போனாள். ஆம்புலன்ஸ் வராமல்.