நாற்பத்து நாலாவது கல்யாணம்

— படிங்க டோலி ஆபு. என் பொழைப்பே போச்சுன்னாலும் பரவாயில்ல, படிங்க.

— கையை ஆட்டாத தங்கம். இந்த மருதாணி மேல மேக்கப் பூசி மறைக்கறதுக்குள்ள எனக்கு உயிர் போகுது. வெள்ளிக்கிழமை நடந்த உன் கல்யாணம், இன்னிக்குப் படம் வெளிய வந்து டாக்கா பூரா பாத்தாச்சு.

— என் தங்கச்சி வேலை அது. ஈத் முடியற வரைக்கும் மூச்சு விடாதேன்னு படிச்சுப் படிச்சுச் சொன்னேன். கல்யாணம் ஆகாத பொண்ணுதான் வேணும்னு ஷாம்பு கம்பெனிக்காரர் எழுதியே வாங்கியிருக்கார். படத்துக்குக் கீழ என்ன போட்டிருக்காங்க? திட்டியா?

— 'இந்தச் சேலை என்ன விலை?'

— என்னது?

— 'எந்த பார்லர் விளம்பரம்?' அடி ருமானா, ஒருத்தரும் நம்பலடி. நாப்பத்திமூணு விளம்பரத்துல உன்னை மணப்பொண்ணா ஜோடிச்சவ நான். இதை நாப்பத்திநாலுன்னு நினைச்சுட்டாங்க. பொழைச்சே போ.

— அல்லா காப்பாத்தினான். இன்னும் படிங்க.

— 'அழுகை ஓவர்.'

— நிஜமாவே அழுதேன் ஆபு.

— 'மாப்பிள்ளையை எங்க புடிச்சாங்க? அடுத்த தடவை வேற ஆளைப் போடுங்க.' இதுக்கு ஒன்பதாயிரம் பேர் சிரிச்சிருக்காங்க.

— இஷ்தியாக்கையா? பல் டாக்டர் அவர், அவர் ஊர் மைமன்சிங்ல பேர் சொன்னா எழுந்து நிப்பாங்க. கண்ணாடியைக் கழட்டினா முழி அப்படித்தான் இருக்கும். இதை அவர் பாத்திருப்பாரா?

— பாக்காம? உன் மாமியாரும் பாத்திருப்பா. போஸ்டர்க்காரி வேண்டாம்னு ரெண்டு வருஷம் மல்லுக்கட்டினவ. விடு தங்கம், ஈத் வரைக்கும் உனக்கு இதுதான் நல்லது.

— விட மாட்டேன். நாப்பத்திமூணு மாப்பிள்ளையை மாத்தினாங்க, வாயைத் திறந்தேனா? இவரை மாத்த விடமாட்டேன். போனைப் புடிங்க. லைவ் போடுங்க.

— பைத்தியமா? நீ என்ன சொன்னாலும் வசனம்னுதான் நினைப்பாங்க.

— சொல்லப் போறதில்ல. சோப்பைக் குடுங்க. விளம்பரத்துல நீங்க போடறது ஒட்டு மருதாணி, சாயங்காலம் கழுவினா போயிடும். ஊருக்கே தெரியும். இது போகுதான்னு பாக்கட்டும்.

— லட்சம் பேர் வந்தாச்சு. தேய் தங்கம். நகத்தோரமும் தேய்.

— போகுதா?

— நான் பூசினதெல்லாம் போச்சு. மருதாணி மட்டும் அப்படியே நிக்குது. ஐயோ, எனக்கே அழுகை வருதே. இரு, உன் இன்னொரு போன்ல ஷாம்பு முதலாளி.

— கையெல்லாம் நுரை, நீங்களே எடுங்க. போனா போகட்டும்.

— வாலைக்கும் சலாம் சார். ஆமா சார். ஒரு நிமிஷம் சார். ருமானா, லட்சம் பேர் பாக்கறதை அவரும் பாத்தாராம், ஒப்பந்தம் அப்படியே இருக்காம். ஈத்துக்கு மாப்பிள்ளையும் சேர்ந்து வரணுமாம், கண்ணாடியோட. அப்புறம், அந்த மருதாணி எந்தக் கம்பெனின்னு கேக்குறார்.

— எங்க மாமியார் தன் கையால அரைச்சுப் போட்டதுன்னு சொல்லுங்க.