மஞ்சள் நூல் வைத்த பக்கம்

'லார்ட்' என்ற சொல்லுக்குப் பழைய ஆங்கிலத்தில் ரொட்டியைக் காப்பவன் என்று பொருள். 'லேடி' என்றால் மாவு பிசைகிறவள். இதை நான் சொல்லும்போதெல்லாம் இறைச்சிக் கடை நாப் கத்தியைக் கீழே வைத்துவிட்டுச் சிரிப்பார். "அப்போ என் பொண்டாட்டி லேடிதான், மிஸ்டர் ஸ்கெல்டன். நான் எங்க காப்பாத்தறேன், தின்னு தீர்க்கறேன்" என்பார். எங்கள் ஆஷெம்பர்னில் இந்த மாதிரி விஷயங்களுக்கு என்னிடம்தான் வருவார்கள். நாற்பது வருடமாக ஊரின் சொற்களையும் ஊர்க்காரர்களின் பெயர்களையும் சேர்த்து வைத்திருக்கிறேன்.

நீங்கள் அந்த மஞ்சள் நூலைப் பற்றிக் கேட்டீர்கள், இன்ஸ்பெக்டர். அதற்குத்தான் வருகிறேன்.

தேவாலயத்தின் பழைய பதிவேடுகள் வாசல் மண்டபத்துக்கு மேலே உள்ள சின்ன அறையில், ஓக் பெட்டியில் இருக்கின்றன. பெட்டிக்கு மூன்று பூட்டு. பாதிரியாரிடம் ஒரு சாவி, இரண்டு நிர்வாகிகளிடம் ஆளுக்கொன்று. மூவரும் சேர்ந்தால்தான் திறக்க முடியும். யாரும் யாரையும் நம்ப வேண்டியதில்லை என்பதற்காகச் செய்த ஏற்பாடு. காலப்போக்கில் மூன்று சாவியும் என்னிடமே வந்துவிட்டன. படி ஏற மற்றவர்களுக்கு முட்டி வலித்தது. என்னை எல்லோரும் நம்பினார்கள்.

முப்பது வருடத்துக்கு முன் நான் ஒரு திருத்தம் செய்தேன். அப்போது 'ஆஷெம்பர்னின் பழைய குடும்பங்கள்' என்ற என் சிறு புத்தகம் அச்சுக்குப் போகவிருந்தது. எல்லாக் குடும்பமும் இருந்தது, என்னுடையது இல்லை. என் தாத்தா ரயில் பாதை போட வந்தவர். இந்த ஊரை என்னைவிட நேசித்தவர் யார்? ஆகவே 1671ஆம் வருட அடக்கப் பதிவில் ஒரு வரியைப் பேனாக்கத்தியால் சுரண்டிவிட்டு, அங்கே ராபர்ட் ஸ்கெல்டன் என்று எழுதினேன். சுரண்டியது ஒரு சலவைக்காரியின் பெயர், ஜோன் டான்ஸ்லி. யாரும் தேடி வராத பெயராகப் பார்த்துத்தான் எடுத்தேன்.

டார்கஸ் டான்ஸ்லி போன ஜனவரியில் தேடி வந்தாள். மாவட்டத் தலைநகரில் கோப்பு அடுக்கும் வேலை, முப்பது வயதிருக்கும். அவளுடைய அம்மா மில் சந்தில், சுவரெல்லாம் ஈரம் கசியும் ஓர் அறையில் இருமிக்கொண்டிருந்தார். ஏழைகளுக்கு வாடகையில்லாமல் தரும் எங்கள் ஊர் தர்ம வீடுகளில் நான்காம் எண் காலியாக இருந்தது. ஆனால் அந்த வீடுகளைக் கட்டியவரின் உயிலில் ஒரே ஒரு நிபந்தனை: வீடு கேட்பவரின் குடும்பத்தார் யாராவது நம் தேவாலயக் கல்லறைத் தோட்டத்தில் அடக்கமாகியிருக்க வேண்டும். டான்ஸ்லிகள் எத்தனையோ தலைமுறையாக மெதடிஸ்ட் சபைக்காரர்கள். அவர்களுக்குத் தனிக் கல்லறை. அந்த வீடுகளுக்கும் நான்தான் பொறுப்பு. அம்மாவின் மனுவை நான்தான் நிராகரித்தேன். விதி விதிதானே.

"எங்க வீட்டுல ஜோன் பாட்டின்னு ஒருத்தியைப் பத்திச் சொல்லிக்கிட்டே இருப்பாங்க, மிஸ்டர் ஸ்கெல்டன். சர்ச் கல்லறைத் தோட்டத்து யூ மரத்தடியில புதைச்சதாம். நானே ஒருதடவை பார்த்துடறேனே" என்றாள்.

மறுப்பதற்குக் காரணம் சொல்ல முடியவில்லை. அன்று மதியம் பனி கனமாக விழுந்துகொண்டிருந்தது. கட்டடத்தைச் சூடாக்கும் கொதிகலன் வெடித்ததால் தேவாலயம் மூடிக் கிடந்தது. ஆராதனை பள்ளிக்கூடத்தில் நடந்தது. மேலே போய்ப் பெட்டியைத் திறந்து கொடுத்தேன். அவள் பக்கம் பக்கமாக விரல் வைத்துப் படித்தாள். பேச்சுக்கு நான், ஊர் என்பதற்கு நாம் சொல்லும் 'டவுன்' பழைய மொழியில் வேலியைத்தான் குறித்தது என்று சொன்னேன்.

"ஓ. வேலிக்கு உள்ள யாரு, வெளிய யாருன்னு நீங்க சொல்றதுதானா?" என்று சிரித்தாள். கெட்ட பெண் இல்லை.

பிறகு சிரிப்பு நின்றது. "உங்க முப்பாட்டனாரைக் கம்பளியில புதைச்சதா சத்தியச் சீட்டு வந்ததுன்னு எழுதியிருக்கு. மத்த யாருக்கும் அது இல்லையே. ஏழு வருஷம் கழிச்சு 1678லதான் எல்லாருக்கும் வருது. இவருக்கு மட்டும் எப்படி?"

இறந்தவரைக் கம்பளித் துணியில் சுற்றித்தான் புதைத்தோம் என்று சத்தியச் சீட்டு கொடுக்க வேண்டும் என்ற சட்டம் 1678ல் வந்தது. எனக்குத் தெரியாததா? எத்தனையோ பதிவுகளை நகலெடுத்த கை, பழக்கத்தில் அந்த வாசகத்தையும் சேர்த்து எழுதிவிட்டது. அவள் தாளை ஜன்னலுக்கு நேராகத் தூக்கினாள். அந்தக் காலத்துத் தாள் ஆட்டுத்தோல், சுரண்டிய இடத்தில் மெலிந்து வெளிச்சம் தெரிந்தது. அடியில் பழைய எழுத்தும் தெரிந்தது. அவள் என்னைத் திட்டவில்லை. "ஜோன்" என்று மட்டும் சொன்னாள், வீட்டு ஆளைக் கூப்பிடுவது போல. எனக்கு அவமானத்தில் காது சுட்டது.

கீழே போய் டீ கொண்டு வருகிறேன் என்றேன். வெளியே வந்து தாழ்ப்பாளைப் போட்டேன். யோசிப்பதற்குக் கொஞ்சம் நேரம் வேண்டியிருந்தது, அவ்வளவுதான்.

யோசித்துக்கொண்டே வீட்டுக்குப் போனேன். வழியில் அவள் அம்மாவிடம், மகள் இரண்டு மணி பஸ்ஸில் ஏறிவிட்டாள் என்று சொன்னேன்.

"என்கிட்ட சொல்லிக்காம போகமாட்டாளே" என்றார் மிஸஸ் டான்ஸ்லி.

"பனிம்மா. கடைசி பஸ். ஓடிப்போய் ஏறினா."

அன்று மாலையே பாதை அடைபட்டது, தொலைபேசிக் கம்பியும் அறுந்தது. இதெல்லாம் என் கையில் இல்லை.

மறுநாள் காலை மண்டபத்துக் குருவிகளுக்கு ரொட்டித் தூள் போடப் போனேன். அதை நான் ஒருநாளும் விட்டதில்லை. மேலே குதிகாலால் தரையைத் தட்டும் சத்தம் கேட்டது. படியேறிக் கதவருகே நின்றேன்.

"மிஸ்டர் ஸ்கெல்டன், நீங்கதானே? நான் யார்கிட்டயும் சொல்லமாட்டேன். நாலாம் நம்பர் வீட்டை அம்மாவுக்குக் குடுத்துடுங்க, போதும். கதவைத் திறங்க, கை மரத்துப்போச்சு."

நியாயமான பேச்சுதான். ஆனால் அவளிடம் தீப்பெட்டி இருந்தது எனக்குத் தெரியும். அவள் சிகரெட் பிடிப்பவள். குளிருக்காகப் பதிவேடுகளைக் கொளுத்திவிடுவாளோ என்று பதறினேன். நானூறு வருட ஊர் அந்தப் பெட்டியில் இருக்கிறது. "தாள் எதையும் எரிச்சுடாதீங்க, மிஸ் டான்ஸ்லி" என்று கேட்டுக்கொண்டேன்.

"ஜோன் இதுலதானே இருக்கா. நான் எப்படி எரிப்பேன்?" என்றாள்.

மனம் லேசாகி இறங்கி வந்தேன். அதற்கடுத்த நாளும் குருவிகளுக்குப் போட்டேன், சத்தம் குறைந்திருந்தது. நான்காம் நாள் தாழ்ப்பாளை எடுத்தேன். சொன்ன சொல்லைக் காப்பாற்றியிருந்தாள். ஒரு தாளும் கிழியவில்லை. பதிவேட்டை மூடிப் பெட்டிக்குள் ஈரம் படாமல் வைத்துவிட்டு, பெட்டியில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். 1671ஆம் வருடப் பக்கத்தில் தன் கழுத்துத் துண்டிலிருந்து உருவிய மஞ்சள் கம்பளி நூலை அடையாளமாக வைத்திருந்தாள். அதை நான் எடுக்கவில்லை. பதிவேட்டில் ஒருவர் வைத்த அடையாளத்தை இன்னொருவர் கலைப்பது முறையல்ல. பெட்டியை மட்டும் பூட்டிவிட்டு, கதவைச் சும்மா சாத்திவிட்டு வந்தேன்.

மார்ச்சில் பனி உருகிய பிறகு பாதிரியார் உடலைக் கண்டெடுத்தார். ஈரத்தில் கதவு உப்பி இறுகிக்கொண்டது, விபத்து என்றார்கள். பஸ்ஸில் ஏறியது வேறு யாரோ போலிருக்கிறது என்று நான் மாற்றிச் சொன்னேன். எழுபத்தொரு வயதுக் கண்ணை யார் சந்தேகிப்பார்கள்? தேவாலயத்தில் இறந்த பெண்ணைத் தேவாலய மண்ணிலேயே அடக்கம் செய்யலாம் என்று கூட்டத்தில் சொன்னதும் நான்தான். யூ மரத்தடியில் இடம் கொடுத்தோம். பதிவை என் கையால் எழுதினேன், ஓர் எழுத்துப் பிசகாமல். மகளின் பெயரைப் பார்க்க அவள் அம்மா வந்தபோது நான் பெட்டியைத் திறந்தேன், பழைய பதிவேட்டிலிருந்து தொங்கிய நூலைக் கண்டார். "இது நான் பின்னின நூல். நீங்க பூட்டி வச்ச பெட்டிக்குள்ள எப்படி வந்தது?" என்றார். அப்புறம் உங்களிடம் வந்துவிட்டார்.

ஆம், தாழ்ப்பாளை நான்தான் போட்டேன். மூன்று நாளும் அவள் உயிரோடு இருப்பது தெரிந்தும் திறக்கவில்லை. எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். ஆனால் இதையும் சேர்த்து எழுதுங்கள். இப்போது டான்ஸ்லி குடும்பத்தில் ஒருத்தி நம் கல்லறைத் தோட்டத்தில் இருக்கிறாள். உயிலின் நிபந்தனை நிறைவேறிவிட்டது. நான்காம் எண் வீட்டைத் தர இனி ஒரு தடையும் இல்லை. அடக்கம் முடிந்த மறுநாளே மிஸஸ் டான்ஸ்லிக்கு நான் கடிதம் போட்டுவிட்டேன். அவர் இன்னும் பதில் எழுதாததுதான் எனக்கு வருத்தம்.