மௌனத்துக்கு வாதாட மறுத்த அக்காவுக்கு

வாதத்தில் வாளே! வாய்மையில் வைரமே! நகராட்சிச் சட்டப் பிரிவின் நிமிர்ந்த நெஞ்சே! எங்கள் வழக்கறிஞர் அக்கா, வணக்கம்!

பணி நிறைவு விழாவில் இனிய சொற்களே பேச வேண்டும் என்பார்கள். எங்களிடம் இன்று இருப்பவை எரிகின்ற சொற்கள். பொறுத்தருள்க.

ஒரு வெல்டர் இருந்தார். அவர் வீடு மாடியில். குளியலறையும் பட்டறையும் கீழே. படியில் தவறி விழுந்து இடுப்பெலும்பு முறிந்து, அதன்பின் படியேற முடியாமல் போன மனைவியை நாள்தோறும் தோளில் சுமந்து இறக்கினார், ஏற்றினார். பட்டறையை ஒட்டிய சொந்த மண்ணில், கீழேயே ஓர் அறை கட்ட அனுமதி கேட்டு நம் நகராட்சியில் மனுக் கொடுத்தார். அளப்பவர் விடுப்பில் என்றார்கள். அளந்த பின் அதிகாரி கூட்டத்தில் என்றார்கள். கல்லில்கூட நார் உரிக்கலாம். அந்த மேசையிலிருந்து ஒரு கையெழுத்தைப் பெயர்க்க முடியவில்லை! மழைக்காலங்கள் வந்து வந்து போயின.

"முடியாதுன்னாவது எழுதிக் குடுங்க சார். மேல அப்பீல் போறேன்."

"எழுதிக் குடுத்தாத்தானே அப்பீல்? போய்யா, பாக்கலாம்" என்று சிரித்தார் அனுமதி அதிகாரி.

மறுத்தால் முறையிடலாம். மௌனம் சாதித்தால்? வெல்டர் உயர் நீதிமன்றப் படியேறினார். தம் மனு மீது ஏதேனும் ஒரு முடிவெடுக்க அதிகாரிக்கு ஆணையிடுமாறு வழக்குத் தொடுத்தார். எதிரே, நகராட்சிக்காக நின்றவர் நீங்கள்.

"மனு வரவே இல்லைன்னு சொல்லிடுங்க மேடம். இல்லேன்னா வாய்தா வாங்கிடுங்க" என்று நீதிமன்றத் தாழ்வாரத்தில் அதிகாரி உங்களிடம் சொன்னது, பக்கத்துப் பெஞ்சில் இருந்த வெல்டரின் காதில் விழுந்தது.

"உங்க பொய்க்கு என் நாக்கைக் கடன் கேக்காதீங்க" என்றீர்கள்.

"நகராட்சி என்ன சொல்லுது?" என்றார் நீதிபதி.

"மனு வந்திருக்கு ஐயா. தாமதத்துக்குச் சொல்ல ஒரு காரணமும் இல்ல. வாய்தாவும் வேண்டாம்."

நான்கு வாரத்தில் முடிவெடுக்க ஆணை பிறந்தது. அதிகாரி அதையும் ஊறப்போட்டார். வெல்டர் விடவில்லை, நீதிமன்ற அவமதிப்பு வழக்குப் போட்டார். வியர்த்துப்போய் வந்து நின்ற அதிகாரி மன்னிப்புக் கேட்டார்.

"மன்னிப்பு இருக்கட்டும். முடிவு எங்க?" என்றார் நீதிபதி.

அன்று மாலைக்குள் அனுமதி வந்தது! அறை எழுந்தது. முதல் நாள் மனைவி தாமே நடந்து போய்க் குளியலறைத் தாழ்ப்பாளைப் போட்ட ஓசை கேட்டு, வெல்டர் பட்டறையில் உட்கார்ந்து அழுதாராம்.

நீதிக்கு நின்ற உங்களுக்கு நம் நகராட்சி தந்த பரிசு என்ன? உங்கள் பதவி உயர்வைத் தட்டிப் பறித்தார்கள். சன்னலற்ற கிடங்கறைக்குத் தள்ளினார்கள். அந்த அதிகாரியோ இன்று துணை ஆணையர்! இதோ, இவ்விழாவுக்குத் தலைமை தாங்க, மேடையின் நடுநாற்காலியில் மாலையோடு வீற்றிருக்கிறார்!

அக்கா, நோய் அண்டாது, நிம்மதி நீங்காது நெடுநாள் வாழ்க!

தலைவர் அவர்களே, உங்கள் மேசையில் மனுக்கள் இன்னும் கிடக்கின்றன. அவற்றை மறைத்து நீதிமன்றத்தில் பொய் சொல்ல, அக்காவிடம் கற்ற இப்பிரிவில் ஒருவரும் இல்லை.

அன்பும் ஆத்திரமும் ஆறாத,
சட்டப் பிரிவு ஊழியர்கள்